கோழியின் காவற்படையைக் கெடுக்கும் கம்போரோ நோய்

(தோட்டத் தொழிலாளர் குடும்பங்களுக்காக நடைபெற்ற கூட்டமொன்றில் தகவல் அதிகாரி ஆற்றிய உரை)



விடியுமுன் எழுந்து பிரட்டுக்குச் சென்று, பால்மரம் வெட்டி, பாலெடுத்து, நிறுத்துக் கொடுத்து, வீட்டு வேலைகளையும் முடித்துவிட்டு இங்கே வந்து அமர்ந்திருக்கிறீர்கள். உங்கள் ஓய்வு நேரத்தில் ஒரு பகுதியைக் கேட்டு வாங்கியிருக்கும் நான், அதற்கு ஈடான பயனைத் தந்தாக வேண்டும். ஆகவே, வீட்டுக்கு வீடு நாம் வளர்க்கும் கோழியைப் பற்றியே இன்று பேசப் போகிறேன்.

கோழி வளர்ப்பு சிறு காரியந்தானே என்று சிலர் எண்ணக்கூடும். மழைக்காலத்தில் வெட்டு நின்றுபோகும் நாட்களில் அந்தச் சிறு காரியம் எவ்வளவு பெரிய துணை என்பதை இங்குள்ள தாய்மார்கள் நன்கு அறிவார்கள். பிள்ளைக்குப் பள்ளிச் சீருடை வாங்கவும், நோயாளிக்குச் சாறு வைக்கவும், திருவிழாவுக்கு வரும் உறவினருக்கு விருந்து படைக்கவும் கடன் கேட்காமல் கைகொடுப்பது வீட்டுப் பின்புறத்துக் கோழிக்கூண்டுதான். அந்தக் கூண்டு ஒரு வாரத்தில் வெறுமையாகிவிட்டால் அது சிறு நட்டமன்று.

அப்படி ஒரு கூண்டு வெறுமையானதை நானே கண்டேன். அந்த நிகழ்ச்சிதான் இந்த உரைக்குக் காரணம். சில ஆண்டுகளுக்கு முன்னர் வேறொரு தோட்டத்தில், கோழிகளுக்குத் தடுப்பு மருந்து கொடுங்கள் என்று நான் பேசினேன். கால்நடைச் சேவை இலாகாவின் ஊழியர்கள் வந்தார்கள். நியூகாசல் நோய்க்கான மருந்தைக் குஞ்சுகளின் கண்ணில் சொட்டுச் சொட்டாக விட்டார்கள். மலாய்க்காரர்கள் சம்பார் ஆயாம் என்றும், நம்மவர்கள் வெள்ளைக் கழிச்சல் என்றும் கூறும் கொள்ளைநோய்தான் அது.

ஏறத்தாழ ஒரு மாதம் சென்ற பின் மீண்டும் அத்தோட்டத்துக்குச் சென்றேன். ஓர் அம்மாள் என்னை வழிமறித்தார். கணவரை இழந்தவர், கோழி விற்ற பணத்தில் மகளின் பள்ளிச் செலவைச் சமாளிப்பவர். "ஐயா, நீங்கள் சொன்னதை நம்பித்தானே மருந்து விட்டேன்? இருபத்திரண்டு குஞ்சுகளில் மூன்றுதான் மிச்சம். உங்கள் மருந்துதானே கொன்றது?" என்று கேட்டார். அவர் குரலில் கோபத்தைவிடத் துயரமே மிகுந்திருந்தது. என்னிடம் பதில் இல்லை. நான் ஆசிரியர் பயிற்சி பெற்றவனே அன்றி, கால்நடை மருத்துவன் அல்லன். கேட்டுச் சொல்கிறேன் என்று மட்டும் கூறிவிட்டு வந்தேன். அதற்குள் அந்த லயத்தில், மருந்து விட்டால் கோழி சாகும் என்ற பேச்சு பரவிவிட்டது. அடுத்த முறை ஊழியர்கள் சென்றபோது பல வீடுகளில் கூண்டைத் திறக்கவே மறுத்துவிட்டார்கள். அறியாமையினால் அப்படிச் செய்தார்கள் என்று நான் கூற மாட்டேன். கண்ணால் கண்டதை வைத்து முடிவுக்கு வந்தார்கள். கண்ணுக்குத் தெரியாத ஒன்று அங்கே நடந்திருந்தது.

அன்பர்களே, அது என்னவென்று ஆராய்வோம். முதலில் ஒரு கேள்வி. மருந்தே குஞ்சுகளைக் கொன்றதென்றால், அதே காலையில், அதே புட்டியிலிருந்து மருந்து பெற்ற பக்கத்து வீட்டுக் குஞ்சுகளும் செத்திருக்க வேண்டுமல்லவா? அவை சாகவில்லை. மருந்து கெட்டுப்போனது, பயனற்றது என்றால், நோய் வந்தபோது பக்கத்து வீட்டுக் குஞ்சுகளும் மடிந்திருக்க வேண்டும். அவை பிழைத்துக் கொண்டன. ஆகவே, குறை மருந்தில் இருந்திருக்க முடியாது. மருந்தைப் பெற்றுக்கொண்ட குஞ்சுகளின் உடலில்தான் ஏதோ குறை இருந்திருக்க வேண்டும்.

கால்நடை மருத்துவர் ஒருவரிடம் இதைக் கூறினேன். அவர் அந்த அம்மாள் வீட்டுக்கே வந்து, அன்று காலையில் இறந்த குஞ்சு ஒன்றைக் கையுறை அணிந்து அறுத்துப் பார்த்தார். குஞ்சின் கழிவாய்க்கு மேலே, குடலின் கடைசிப் பகுதியை ஒட்டி ஒரு சிறு பை உண்டு. நல்ல குஞ்சுக்கு அந்த வயதில் அது பிள்ளைகள் விளையாடும் கோலிக்குண்டுபோல் திரண்டிருக்கும். அந்தக் குஞ்சில் அது கடலைப் பருப்பளவுக்குச் சூம்பிக் கிடந்தது. மருத்துவர் நிமிர்ந்து பார்த்து, "கம்போரோ முன்னமே வந்து போயிருக்கிறது" என்றார். ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பிய மாதிரிகளின் முடிவும் அதையே உறுதி செய்தது. குஞ்சுகளைக் கொன்றது நியூகாசல் நோய். அந்த நோய் நுழையக் கதவைத் திறந்துவிட்டது கம்போரோ நோய்.

அந்தச் சிறு பையின் வரலாறு சுவையானது. இத்தாலி நாட்டின் படுவா நகரத்தில் உடற்கூற்றியல் கற்பித்த பேராசிரியர் பப்ரீசியஸ் என்பவர் அதை வருணித்து எழுதினார். அவர் 1619-ஆம் ஆண்டில் இறந்தார். அவருடைய நூல் 1621-ஆம் ஆண்டில் வெளிவந்தது. அதனால் அப்பைக்குப் பப்ரீசியஸ் பை என்று பெயர். அது இனப்பெருக்கத்துக்கு உதவும் உறுப்பு என்று அவர் தவறாக எண்ணினார். அதன் உண்மையான வேலை இன்னதென்று தெரிய முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

அதுவும் ஒரு வகுப்பறையில் தற்செயலாகத் தெரிய வந்தது. அமெரிக்காவின் ஒஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் புரூஸ் கிளிக் என்ற இளம் ஆராய்ச்சியாளர், பப்ரீசியஸ் பை நீக்கப்பட்ட கோழிகளை வைத்திருந்தார். மாணவர்களுக்குப் பாடம் நடத்திய டிமத்தி சாங் என்பவர், நோயை எதிர்க்கும் பொருள் கோழியின் இரத்தத்தில் எவ்வாறு உண்டாகிறது என்று காட்டுவதற்காக அவரிடமிருந்து சில கோழிகளை வாங்கிச் சென்றார். பை இல்லாத கோழிகளின் இரத்தத்தில் அந்த எதிர்ப்பொருள் உண்டாகவே இல்லை. பாடம் தோற்றது, உண்மை வென்றது. 1956-ஆம் ஆண்டில் இச்செய்தி கோழியியல் இதழ் ஒன்றில் வெளியாயிற்று. எதிர்ப்பொருளை உண்டாக்கும் உயிரணுக்களுக்கு இன்று உலகெங்கும் 'பி' அணுக்கள் என்று பெயர். அந்தப் 'பி' என்னும் எழுத்து, பை என்று பொருள்படும் பர்சா என்ற சொல்லிலிருந்து வந்தது. நம் உடம்பிலும் 'பி' அணுக்கள் உண்டு. நமக்கு இந்தப் பை கிடையாது. எலும்பு மச்சையில் அவை உருவாகின்றன. மனிதரின் நோய் எதிர்ப்பைப் புரிந்துகொள்ளவும் கோழிக்குஞ்சே வழி காட்டியிருக்கிறது.

இதனை எளிதாக விளங்கிக்கொள்ள, அந்தப் பையை ஒரு பயிற்சிப் பள்ளியாக எண்ணிக்கொள்ளுங்கள். குஞ்சின் உடலைக் காக்கும் காவலர்கள் அந்தப் பள்ளியில்தான் பயிற்சி பெறுகிறார்கள். பயிற்சி முடித்த காவலர்கள் மண்ணீரல் முதலிய மற்ற உறுப்புகளுக்குச் சென்று பணியில் அமர்கிறார்கள். கோழி முட்டையிடும் பருவத்தை எட்டும்போது பள்ளியின் வேலை முடிந்து, பை தானாகவே சுருங்கிவிடும். அது இயற்கை. பயிற்சி முடியுமுன்னே எவனோ பள்ளிக்குள் புகுந்து மாணவர்களைக் கொன்றுவிட்டால் என்ன ஆகும்? காவலுக்கு ஆளில்லாமற் போகும். கம்போரோ நோயின் கிருமி செய்வது அதுதான். பையில் வளர்ந்துகொண்டிருக்கும் இளம் 'பி' அணுக்களையே தேடி அழிக்கும் வைரஸ் அது.

இப்போது அந்த அம்மாளின் கேள்விக்கு வருவோம். தடுப்பு மருந்து என்பது நோயை நேரே அடித்து விரட்டும் மருந்தன்று. "பகைவன் இப்படி இருப்பான், அடையாளம் கண்டுகொள்" என்று காவலருக்குக் காட்டும் படம் அது. படத்தைப் பார்த்து நினைவில் வைக்கக் காவலர் இருந்தால்தான் பயன் உண்டு. காவலரே இல்லாத இடத்தில் யாருக்குக் காட்டுவது? 1972-ஆம் ஆண்டிலேயே பிரிட்டிஷ் ஆராய்ச்சியாளர்கள் இதை நிறுவிக் காட்டினார்கள். குஞ்சுப் பருவத்தில் கம்போரோ கிருமி தாக்கிய கோழிகளுக்கு நியூகாசல் தடுப்பு மருந்து கொடுத்தபோது, அவற்றின் உடல் அதனைச் சரிவர ஏற்றுக்கொள்ளவில்லை. எவ்வளவு இளவயதில் தாக்குகிறதோ, அவ்வளவுக்குக் கேடு மிகுதி. பொரித்த முதல் நாட்களில் தாக்கினால் கேடு மிகக் கடுமை.

இந்த நோய் 1962-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் டெலவேர் மாநிலத்தில் கம்போரோ என்னும் ஊரின் பெயரால் அறியப்பட்டது. 1980-களின் பிற்பகுதியில் ஐரோப்பாவில் இதைவிடக் கொடிய வகை ஒன்று தோன்றியது. 1990-களின் தொடக்கத்தில் அவ்வகை நம் மலேசியாவிலும் காணப்பட்டது. ஆகவே, இது எங்கோ உள்ள நோய் என்று எண்ணி இருந்துவிட முடியாது.

அதன் அடையாளங்களைக் கூறுகிறேன், மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். மூன்று முதல் ஆறு வாரக் குஞ்சுகளில்தான் இந்நோய் வெளிப்படையாகத் தெரியும். கிருமி நுழைந்த இரண்டு மூன்று நாட்களில் குஞ்சுகள் சிறகைச் சிலிர்த்துக்கொண்டு, தலை தொங்கி, ஒன்றோடொன்று ஒட்டி நிற்கும். தீனி எடுக்கா. வெண்மையாக, நீராகக் கழியும். சில குஞ்சுகள் தம் கழிவாயைத் தாமே கொத்திக்கொள்ளும். உடல் நடுங்கும். மூன்றாம் நான்காம் நாட்களில் சாவு மிகும். ஒரு வாரத்துக்குள் நோய் ஓய்ந்ததுபோல் தோன்றும். அறுத்துப் பார்த்தால் தொடையிலும் நெஞ்சுத் தசையிலும் இரத்தக் கசிவு தெரியும். நோயின் தொடக்கத்தில் பப்ரீசியஸ் பை வீங்கியிருக்கும், பின்னர் சூம்பிவிடும்.

இவ்வளவும் கண்ணுக்குத் தெரியும் கேடு. மூன்று வாரத்துக்கு உட்பட்ட குஞ்சுகளை இக்கிருமி தாக்கும்போது, பெரும்பாலும் நோய்க்குறி எதுவுமே வெளியில் தெரியாது. குஞ்சு தின்னும், ஓடும், விளையாடும். உள்ளேயோ அதன் பயிற்சிப் பள்ளி பாழாகிவிட்டிருக்கும். அக்குஞ்சு வாழ்நாள் முழுதும் வலுவற்றதாகவே இருக்கும். சாதாரணக் கழிச்சலுக்கும் சளிக்கும் கூடப் பலியாகும். அந்த அம்மாள் வீட்டில் நடந்தது இதுதான்.

அந்த வீட்டுக்குள் கிருமி எப்படி வந்தது? மருத்துவர் பொறுமையாக விசாரித்தார். குஞ்சுகளுக்குக் குளிரக்கூடாது என்று, ஒரு கோழிப் பண்ணையில் பயன்படுத்திய பழைய தீவனச் சாக்குகளை வாங்கி வந்து கூண்டில் விரித்திருந்தார் அந்த அம்மாள். அன்பினால் செய்த காரியம்! அந்தச் சாக்கின் வழியே கிருமி வந்திருக்கக்கூடும் என்று மருத்துவர் கருதினார். பக்கத்து வீட்டுக்காரரோ சாக்கு விரிக்கவில்லை. உலர்ந்த மரத்தூளைப் போட்டிருந்தார். அதைக் கேட்ட அந்த அம்மாள் நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை. குற்றம் உங்களுடையதன்று அம்மா, இதை முன்கூட்டியே சொல்லியிருக்க வேண்டியவர்கள் நாங்கள் என்று நான் கூறினேன். இன்று உங்கள் முன் நின்று பேசுவதும் அந்தக் கடனைத் தீர்ப்பதற்காகத்தான்.

பழைய சாக்கு அவ்வளவு கேடு செய்யுமா என்று நீங்கள் ஐயுறலாம். இந்த வைரஸ் மிகவும் கெட்டியானது. 60 டிகிரி வெப்பத்தையும் அரை மணி நேரம் தாங்கக் கூடியது. நோயுற்ற கோழிகளை அகற்றிய பின்னரும் அவை இருந்த கொட்டகையில் 122 நாட்கள் வரை கிருமி உயிர்ப்போடு இருந்ததை ஆராய்ச்சியாளர்கள் கண்டிருக்கிறார்கள். தீனி, தண்ணீர், எச்சம் ஆகியவற்றில் 52 நாட்கள் வரை இருந்தது. நோய்ப்பட்ட கோழியின் எச்சத்தில் அது வெளிவருகிறது. நம் காலணியிலும், கூண்டிலும், தீனித் தட்டிலும், வண்டிச் சக்கரத்திலும் ஒட்டிக்கொண்டு வீட்டுக்கு வீடு பயணம் செய்கிறது. முட்டையின் வழியாக இது தாயிடமிருந்து குஞ்சுக்குப் பரவுவதில்லை. மனிதரையும் இது பற்றுவதில்லை.

ஆனால் ஓர் எச்சரிக்கை. கோழிகள் திடீரென மடியும்போது, அது கம்போரோவா, நியூகாசலா, வேறு நோயா என்று பார்த்த மாத்திரத்தில் நம்மால் கூற முடியாது. 2004-ஆம் ஆண்டில் கிளந்தான் மாநிலத்தில் பறவைக் காய்ச்சல் தோன்றியதை நீங்கள் நினைவில் வைத்திருப்பீர்கள். அது மனிதருக்கும் ஆபத்தானது. ஆகவே, தானாகச் செத்த கோழியைச் சமைக்க வேண்டாம்; ஆற்றிலோ கால்வாயிலோ எறிய வேண்டாம்; வெறுங்கையால் தொட வேண்டாம்; அறுத்துப் பார்க்கும் வேலையை மருத்துவரிடம் விட்டுவிடுங்கள். உடனே கால்நடைச் சேவை இலாகாவுக்குச் செய்தி அனுப்புங்கள். அவர்கள் பார்த்த பின், ஆழமாகக் குழி தோண்டிப் புதையுங்கள்.

கம்போரோ நோய் வந்த பின் அதைக் குணப்படுத்தும் மருந்து இல்லை. வெள்ளம் வருமுன் அணை போட வேண்டும் என்பது நம் முன்னோர் வாக்கு. அந்த அணையைப் போடும் வழிகளைச் சொல்கிறேன்.

முதலாவது, புதிதாக வாங்கிய கோழிகளை நேரே பழைய கூட்டத்தில் விடாதீர்கள். குறைந்தது இரண்டு வாரமாவது தனிக்கூண்டில் தள்ளி வைத்துப் பாருங்கள். குஞ்சுகளுக்கும் பெரிய கோழிகளுக்கும் ஒரே ஆள் தீனி போடுவதானால், முதலில் குஞ்சுகளைக் கவனித்துவிட்டுப் பின்னர் பெரிய கோழிகளிடம் செல்லட்டும்.

இரண்டாவது, பிறர் பண்ணையில் பயன்படுத்திய சாக்கு, கூண்டு, முட்டைத் தட்டு ஆகியவற்றை வீட்டுக்குக் கொண்டுவராதீர்கள். கோழிச்சந்தைக்குப் போய் வந்தால், காலணியையும் கைகளையும் சவர்க்காரமிட்டுக் கழுவிய பின்னரே கூண்டருகே செல்லுங்கள்.

மூன்றாவது, நோய் வந்து போன கூண்டில் உடனே புதுக் குஞ்சுகளை விடாதீர்கள். எச்சத்தையும் விரிப்பையும் சுரண்டி எடுத்து எரித்துவிடுங்கள். சவர்க்கார நீரால் அழுக்குப் போகத் தேய்த்துக் கழுவுங்கள். அழுக்கின்மேல் ஊற்றும் கிருமிநாசினி பயன் தராது. கழுவி உலர்ந்த பின், அயோடின் கலந்த கிருமிநாசினி போன்று இலாகா ஊழியர் பரிந்துரைக்கும் ஒன்றைத் தெளியுங்கள். பல வாரங்கள் கூண்டைச் சும்மா போட்டு வையுங்கள். பொறுத்தவர் பிழைப்பார்.

நான்காவது, தடுப்பு மருந்து. கம்போரோவுக்கும் தடுப்பு மருந்து உண்டு. அதைக் கொடுக்கும் நாள்தான் முக்கியம். தடுப்பாற்றல் பெற்ற தாய்க்கோழியிடமிருந்து மஞ்சள் கருவின் வழியாகக் குஞ்சுக்குச் சிறிது எதிர்ப்புச் சக்தி வந்து சேர்கிறது. தாய் கொடுத்த அந்தச் சீதனம் முதல் சில வாரங்கள் குஞ்சைக் காக்கும். அது மிகுதியாக இருக்கும்போது மருந்து கொடுத்தால், அது மருந்தையே முறித்துவிடும். அது தீர்ந்த பின் காலம் தாழ்த்தினாலோ கிருமி முந்திக்கொள்ளும். ஆகவே, எந்த வாரத்தில் கொடுப்பது என்பதை இலாகா ஊழியரிடம் கேட்டே செய்யுங்கள்.

மருந்தை வாங்கியது முதல் குளிரிலேயே வைத்திருக்க வேண்டும். வெயிலில் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வந்தால் அது வெறும் தண்ணீராகிவிடும். குடிநீரில் கலந்து கொடுப்பதானால், குளோரின் கலந்த குழாய் நீர் ஆகாது. கொழுப்பு நீக்கிய பால்மாவைச் சிறிது சேர்த்து, காலை வேளையில், குஞ்சுகள் தாகமாக இருக்கும்போது கொடுத்து, இரண்டு மணி நேரத்துக்குள் குடித்து முடிக்கச் செய்ய வேண்டும். நோயுற்றுச் சோர்ந்திருக்கும் குஞ்சுகளுக்குத் தடுப்பு மருந்து கொடுக்கலாகாது.

இங்கே ஒரு சங்கடம் இருப்பதை நான் அறிவேன். ஒரு புட்டி மருந்து நூற்றுக்கணக்கான கோழிகளுக்குப் போதும். பத்துக் கோழி வைத்திருக்கும் ஒருவர் அதை வாங்கித் திறந்தால், மிச்சத்தைக் கொட்டத்தான் வேண்டும். இதற்குத் தீர்வு ஒற்றுமையே. ஒரு லயத்தில் உள்ள எல்லா வீட்டாரும் சேர்ந்து ஒரு நாள் குறித்து, ஒரே புட்டியை வாங்கி, எல்லாக் கோழிகளுக்கும் ஒரே காலையில் கொடுத்துவிட்டால் செலவும் குறையும். லயம் முழுவதும் பாதுகாப்பும் பெறும். என் வீட்டுக் கோழி மட்டும் பிழைத்தால் போதும் என்பது இதில் நடவாது. வேலி தாண்டி மேயும் கோழிக்கு எந்த வீடு யாருடையது என்று தெரியாது, கிருமிக்கும் தெரியாது.

நம் நாட்டுக் கிராமத்துக் கோழிகளுக்காக 1980-களில் நடந்த ஒரு நல்ல முயற்சியையும் இங்கே கூற விரும்புகிறேன். நியூகாசல் தடுப்பு மருந்தைக் குளிர்பெட்டியில்லாத வீடுகளுக்கும் கொண்டு சேர்ப்பதற்காக, வெப்பத்தைத் தாங்கும் வகையைத் தேர்ந்தெடுத்து, தீனியில் கலந்து கொடுக்கும் முறையை ஆஸ்திரேலிய அறிஞர்களும் மலேசிய விவசாயப் பல்கலைக்கழகத்தாரும் சேர்ந்து ஆராய்ந்தார்கள். 1997 முதல் புத்ரா பல்கலைக்கழகம் என்று வழங்குவது அதுவே. ஐந்தாறு கோழி வளர்ப்பவரின் நட்டத்தையும் ஒரு நட்டமாகக் கருதிய அறிஞர்கள் இந்நாட்டில் இருந்திருக்கிறார்கள். அவர்கள் கண்டறிந்ததைப் பயன்படுத்திக்கொள்ள வேண்டியது நம் பொறுப்பு.

இறுதியாக, அந்த அம்மாளைப் பற்றிக் கேட்பீர்கள். மிச்சமிருந்த மூன்று குஞ்சுகளில் இரண்டு பின்னர் இறந்தன. ஐந்து மாதங்கள் அவர் கூண்டை வெறுமையாகவே வைத்திருந்தார். அதன் பின்னர் பக்கத்து வீட்டிலிருந்து ஒரு தாய்க்கோழியையும் அதன் குஞ்சுகளையும் வாங்கித் தொடங்கினார். அடுத்த தடுப்பு மருந்து நாளில், லயத்து வீடுகளின் கதவைத் தட்டி எல்லாரையும் அழைத்து வந்தவர் அவர்தான் என்று ஊழியர்கள் என்னிடம் கூறினார்கள். நான் பத்து முறை பேசியிருந்தாலும் அது நடந்திராது. இழந்தவர் சொல்லுக்கு இருக்கும் வலிமை அதிகாரி சொல்லுக்கு வராது.

கோழி மிதித்துக் குஞ்சு சாகாது என்பார்கள். தாயின் கால் குஞ்சைக் கொல்வதில்லை, கவனமின்மைதான் கொல்கிறது. இன்று வீட்டுக்குப் போனதும் உங்கள் கூண்டை ஒருமுறை பாருங்கள். அதில் விரித்திருப்பது எங்கிருந்து வந்தது என்று கேட்டுக்கொள்ளுங்கள். பக்கத்து வீட்டாரோடு கலந்து மருந்துக்கு ஒரு நாள் குறியுங்கள். இவ்வளவு செய்தால் இந்த மாலைப்பொழுதில் நீங்கள் எனக்குத் தந்த நேரம் வீணாகவில்லை என்று மகிழ்வேன்.